எட்டாம் பகுதியில் வாசிக்கப்படாத வரிகள்

போலந்தின் லுப்லின் நகரத்தில் பாதிப் பேரின் முதுகு லுட்சினாவுக்குத் தெரியும். முகம் ஒன்றுகூடத் தெரியாது. பிறந்த மூன்றாம் வாரத்திலிருந்து அவருக்குப் பார்வை இல்லை. எங்கள் மருத்துவ நிலையத்தில், நீண்ட நடைவழியின் கடைசியில் உள்ள மூன்றாம் எண் அறையில் முப்பத்தாறு வருடமாக மசாஜ் செய்கிறார். பக்கத்து அறையில் நான் நோயாளிகளின் முழங்கால்களை மடக்கவும் நீட்டவும் பழக்குகிறேன். நடுவில் இருப்பது மெல்லிய பலகைச் சுவர். அதனால் அவர் நோயாளிகளோடு பேசியதெல்லாம் பதினான்கு வருடமாக என் காதிலும் விழுந்திருக்கிறது.

பேச்சு எப்போதும் தொலைக்காட்சித் தொடர்களைப் பற்றித்தான். எல்லோரும் அவரை மரியாதையாகப் பானி, அதாவது அம்மணி, என்றுதான் கூப்பிடுவார்கள்.

“நேத்து பாத்தீங்களா, பானி லுட்சினா? அந்த மீன் கம்பெனிக்காரன் எதுக்கு சாவியத் தூக்கிக் கடல்ல போட்டான்?”

“பாத்தது நீங்க. நான் கேட்டேன். அது சாவி இல்ல. சாவிக்கொத்துன்னா கையில இருக்கும்போதே சலசலன்னு இருக்கும். அவன் போட்டது போன்.”

“அட, அப்ப நான் எதைப் பாத்தேன்?”

“நீங்க உங்க வீட்டுக்காரர் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கிட்டே பாத்திருப்பீங்க. மூச்ச விடுங்க. தோளு கல்லு மாதிரி இருக்கு.”

பார்வை உள்ளவர்களுக்குக் கதை விளங்காத இடங்களை லுட்சினாதான் விளக்குவார். அதற்காகவே வெள்ளிக்கிழமை காலை நேரம் கேட்டு வாங்குகிறவர்கள் இருந்தார்கள். வியாழன் மாலை தொடர், வெள்ளி காலை முதுகு.

பார்வையற்ற ஒரு பெண் நார்வே நாட்டுத் தொடரை எப்படிப் பின்தொடர்ந்தார் என்று எங்கள் நாட்டில் யாரும் கேட்க மாட்டார்கள். இங்கே தொலைக்காட்சியில் வெளிநாட்டுப் படம் எதுவானாலும் ஒரே ஒரு ஆள் முழு வசனத்தையும் போலிஷ் மொழியில் வாசிப்பார். அவருக்கு லெக்டர் என்று பெயர். காதலி கெஞ்சினாலும் அவர் குரல்தான், குழந்தை பசிக்கிறது என்றாலும் அவர் குரல்தான், கொலைகாரன் மிரட்டினாலும் அவர் குரல்தான். குரலில் ஏற்றமும் இருக்காது, இறக்கமும் இருக்காது. அடியில் அசல் நடிகர்களின் குரல் மெல்லக் கேட்டுக்கொண்டே இருக்கும். லெக்டர் அரை நொடி பின்னால் வருவார். வெளியூர்க்காரர்கள் இதைக் கேட்டுச் சிரிப்பார்கள். எங்களுக்கு இது இல்லாவிட்டால்தான் படத்தில் ஏதோ குறைகிற மாதிரி இருக்கும்.

“மொதல்ல அவங்க அழறது கேக்கும். அப்புறம் எதுக்கு அழறாங்கன்னு இவர் சொல்வாரு,” என்பார் லுட்சினா. “எனக்கு அந்த வரிசைதான் பிடிக்கும்.”

எங்கள் நிலையத்துக்கு மாதம் ஒருமுறை ஒரு பாதிரியார் வருவார். இடுப்பு வலி. ஒவ்வொரு முறையும் மேசையில் படுத்துக்கொண்டு, “ஆண்டவர் கண்ண எடுத்துக்கிட்டாலும் உங்களுக்குப் பாருங்க, எப்பேர்ப்பட்ட காதைக் கொடுத்திருக்கார்,” என்பார். ஒருநாள் லுட்சினா சொன்னார்: “எடுத்துட்டு வேற ஒண்ணக் கொடுத்தா அதுக்குப் பேரு கொடை இல்ல, ஃபாதர், மாத்து வியாபாரம். அதுவும் என்னக் கேக்காமயே. இந்தக் காது அவர் கொடுத்ததில்ல. நாப்பது வருஷம் உக்காந்து கேட்டுப் பழகினது.” பலகைச் சுவருக்கு இந்தப் பக்கம் நான் கைதட்டாத குறைதான். உழைத்துப் பெற்ற திறமையை வானத்திலிருந்து விழுந்த வரமாக்கிவிட்டால் யாருக்கு வசதி? எதுவும் செய்யத் தேவையில்லாதவர்களுக்கு. மாடிப்படியில் கைப்பிடி வைக்க வேண்டாம், மின்தூக்கியில் எண்களைப் புடைப்பாக்க வேண்டாம். அவர்களுக்குத்தான் காது இருக்கிறதே!

பிறகு வெள்ளிக்கிழமைகள் மெல்ல அமைதியாயின.

எந்த மாதம் என்று என்னால் சொல்ல முடியவில்லை. நோயாளிகள் காதில் ஏதோ செருகிக்கொண்டு வர ஆரம்பித்தார்கள். மசாஜ் மேசையில் முகம் வைக்க ஓர் ஓட்டை உண்டு. அதற்கு நேர் கீழே தரையில் கைபேசியைச் சாய்த்து வைத்து, குப்புறப் படுத்தபடி பார்ப்பார்கள். ஒருவர் பார்ப்பது கொரியத் தொடர், அடுத்தவர் பார்ப்பது யாரோ சமையலறையைச் சுத்தம் செய்கிற வீடியோ. லுட்சினா ஒருமுறை கேட்டுப் பார்த்தார்.

“என்ன ஓடுது?”

“ஆங்?”

“கீழ என்ன ஓடுதுன்னு கேட்டேன்.”

“அது ஒண்ணுமில்ல பானி, நீங்க உங்க வேலையப் பாருங்க.”

அந்த நாளுக்குப் பிறகு அவர் கேட்டதில்லை. நானும் அப்படித்தான் ஆகியிருந்தேன். காலையில் டிராலி பஸ்ஸில் காதை அடைத்துக்கொண்டு ஏறுவேன். எனக்கென்று ஒரு பட்டியல், எனக்கென்று ஒரு திரை. வீட்டில் என் கணவருக்கு இன்னொரு பட்டியல்.

லுட்சினாவுக்கு மிஞ்சியது ‘உப்புத்துறை’. நார்வேக் கடலோரத்தில் படகு ஓட்டும் ராக்னில்ட் என்ற பெண்ணின் கதை. அவளுடைய மகள் தீரில் பதினேழு வயதில் வீட்டை விட்டுப் போய்க் காணாமல் போகிறாள். ஊரில் வாரத்துக்கொரு பிணம் கரை ஒதுங்கும். ஒவ்வொன்றும் தன் மகளோ என்று ராக்னில்ட் ஓடி வந்து பார்ப்பாள், இருக்காது. மூன்று பருவங்கள், அதாவது மூன்று சீசன், ஆறு வருடம், லெக்டர் வாசித்து எங்கள் தொலைக்காட்சியில் வந்தது. நான்காவதுதான் கடைசிப் பருவம். தீரில் கிடைப்பாளா என்பது அதில்தான் தெரியும்.

கடைசிப் பருவத்தை ஓர் இணைய நிறுவனம் வாங்கிக்கொண்டது. தொலைக்காட்சியில் வராது.

லுட்சினா அசரவில்லை. அயர்லாந்தில் இருக்கும் மகள் பாவுலினாவிடம் சொன்னார். அவள் அங்கிருந்தபடியே சந்தா கட்டி, ஒரு டேப்லெட்டும் அனுப்பி வைத்தாள். இந்தச் சாதனங்களெல்லாம் லுட்சினாவுக்குப் பழக்கம்தான். அவருடைய கைபேசி எல்லாவற்றையும் வாசித்துச் சொல்லும், கடிதம், வானிலை, பேருந்து நேரம். அது வந்த அன்று மாலை ரொட்டி, தேநீர் எல்லாம் பக்கத்தில் வைத்துக்கொண்டு முதல் பகுதியைப் போட்டார். அலை, படகு எஞ்சின், ராக்னில்டின் குரல். அரை நொடி காத்திருந்தார். லெக்டர் வரவில்லை. சப்டைட்டில் மட்டும்தான் போட்டிருந்தார்கள். அதுவும் படத்தோடு சேர்ந்த எழுத்து. கைபேசியின் வாசிக்கும் குரலுக்கு அது எழுத்தாகவே தெரியாது.

மறுநாள் என்னிடம் வந்தார். “ஜனெட்டா, உன் கிட்ட இந்தக் கம்பெனி சந்தா இருக்கா?”

“இருக்கு, பானி லுட்சினா.”

“நாலாவது பருவம் பாத்துட்டியா?”

பார்த்திருந்தேன். எட்டுப் பகுதியையும் ஒரு சனி ஞாயிறில் விழுங்கியிருந்தேன்.

“பாத்துட்டேன்.”

“ஒரு வார்த்த சொல்லாத. சொன்னா உன் கூடப் பேச மாட்டேன். லெக்டர் எங்க இருக்காருன்னு மட்டும் தேடிக் கொடு.”

லெக்டர் எங்கும் இல்லை. நிறுவனத்துக்கு எழுதலாம் என்று அவர்கள் பக்கத்தைத் திறந்தோம். உரையாடல் பெட்டியில் அவர் தன் குறையைச் சொன்னார், நான் தட்டினேன். அனுப்பும் முன் ஒன்பது படங்கள் வந்தன. நீங்கள் மனிதர்தான் என்பதை உறுதிசெய்ய, பாலம் இருக்கிற படங்களைத் தொடுங்கள்.

“என்ன கேக்குது?”

சொன்னேன்.

“நான் மனுஷின்னு நிரூபிக்கக் கண்ணு வேணுமா?” என்று சிரித்தார். “இந்தக் கேள்விய அறுபத்து மூணு வருஷமா வேற வேற ஆளுங்க கேட்டிருக்காங்க. படம் போட்டுக் கேட்டது இவங்கதான்.”

பதினோரு நாள் கழித்துப் பதில் வந்தது. உங்கள் கருத்து எங்களுக்கு மிகவும் முக்கியம். எங்கள் தரவுகளின்படி, இளம் பார்வையாளர்கள் சப்டைட்டிலையே விரும்புகிறார்கள். இந்தத் தலைப்புக்கு லெக்டர் குரல் சேர்க்கும் திட்டம் தற்போது இல்லை. இனிய பொழுதுபோக்கு அமைய வாழ்த்துகள்.

தரவு என்கிற சொல்லை இப்போதெல்லாம் எங்கள் பாட்டன்மார் வேதத்தைச் சொன்ன மாதிரிதான் சொல்கிறார்கள். எதிர்க்கேள்வி கேட்கக் கூடாது. பார்த்தவர்களை எண்ணி எடுத்த கணக்கு அது. பார்க்க முடியாமல் வெளியே நின்றவர்களை அதில் யார் எண்ணினார்கள்? காது கேளாதவர்களுக்காக அதே சப்டைட்டிலில் ‘கதவு சாத்தப்படுகிறது’, ‘தூரத்தில் நாய் குரைக்கிறது’ என்று அடைப்புக்குள் போட்டிருந்தார்கள். நல்லது, போட வேண்டியதுதான். யாரோ போராடி வாங்கியிருப்பார்கள். எங்கள் நாட்டில் பார்வையற்றவர்கள் எதற்கும் போராடத் தேவையில்லாமல், ஒரு பழக்கத்தின் தயவில் நாற்பது வருடம் படம் கேட்டுவிட்டார்கள். அது உரிமையாக எங்கும் எழுதப்படவில்லை. எழுதாததைப் பறிப்பது சுலபம்; பறித்ததாகக்கூட யாருக்கும் தெரியாது.

இவ்வளவு கோபப்படுகிற நான் என்ன செய்திருக்கலாம்? ஞாயிறுதோறும் ஒரு மணி நேரம் அவர் வீட்டில் உட்கார்ந்து வாசித்திருக்கலாம். இருபது நிமிட நடை. செய்யவில்லை. ஏற்கெனவே பார்த்த தொடர், வாரத்தில் கிடைக்கிற ஒரே ஓய்வு நாள் என்று எனக்குள் காரணம் சொல்லிக்கொண்டேன். அவரும் கேட்கவில்லை. தன் குடியிருப்பின் வாசல் பலகையில் ஒரு தாள் ஒட்டச் சொன்னார். அவர் சொன்னதை அப்படியே எழுதினேன்: ‘சப்டைட்டில் உரக்க வாசிக்க ஓர் ஆள் தேவை. எட்டு ஞாயிறு, மதியம் மூன்று மணி. நடிப்புத் திறமை வேண்டாம். முதுகு வலி இருந்தால் பதிலுக்கு மசாஜ்.’

நான்காம் நாள் செவெரின் மணியடித்தார். அதே கட்டடம், அடுத்த வாசலுக்குள் உள்ள மாடிப்படி, மூன்றாம் தளம். முப்பது வருடம் டிராலி பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். மனைவி இல்லை. முதுகு வலி இருந்தது.

முதல் ஞாயிறு நடந்ததை லுட்சினா திங்கட்கிழமை எனக்கு நடித்தே காட்டினார்.

“வந்ததும் கேக்குறாரு, ‘எப்படி வாசிக்கணும் பானி? பொம்பளைக் குரல்னா பொம்பளை மாதிரியா?’ நான் சொன்னேன், ‘ஐயையோ, வேணாம். முப்பது வருஷமா ஸ்டாப் பேரு சொன்னீங்கல்ல, அதே மாதிரி சொல்லுங்க.’ அப்படியே சொல்றாரு, ஜனெட்டா! ‘நான் உன்னை வெறுக்கிறேன், யோஹான்.’ அடுத்த நிறுத்தம் ரயில் நிலையம்ங்கிற மாதிரி!”

“மசாஜ்?”

“வெக்கப்படுறாரு. சட்டையோடயே படுப்பாராம். படுங்க, நான் என்ன பாக்கவா போறேன்னு கேட்டேன். காது சூடாயிருச்சு மனுஷனுக்கு. கழுத்துல கை வச்சிருந்தேன், தெரிஞ்சுது.”

இரண்டாம் வாரம் அவர் வெங்காயமும் கசகசாவும் தூவிய தட்டை ரொட்டி வாங்கி வந்தார். மூன்றாம் வாரம் லுட்சினா கோழி சூப் வைத்துச் சீக்கிரமே வரச் சொன்னார். வாசிப்புக்கு நடுவே செவெரின் தன் கருத்துகளைச் சேர்ப்பார். ‘இவன் மூஞ்சியே சரியில்ல பானி, இவன்தான் அந்தப் பொண்ண ஏதோ பண்ணியிருப்பான்.’ லுட்சினா அதட்டுவார்: ‘மூஞ்சியப் பத்திப் பேசாதீங்க, வரிய வாசிங்க.’ ஆனால் திங்கட்கிழமை அதை நோயாளிகளிடம் சொல்லும்போது அவர் குரலில் இருந்த சந்தோஷம் சுவரைத் தாண்டி எனக்குக் கேட்டது. வெள்ளிக்கிழமைகள் திங்கட்கிழமைக்கு மாறிவிட்டன. நோயாளி ஒருவர் காதிலிருந்ததைக் கழற்றிவிட்டு, “யாரு பானி அந்த யோஹான்?” என்று கேட்டார்.

ஐந்தாம் ஞாயிறு செவெரின் செர்ரி மதுவோடு வந்தார். வீட்டில் அவரே ஊறப்போட்டது. எங்கள் வழக்கப்படி, பான், பானி என்று மரியாதையாகப் பேசுகிறவர்கள் பேர் சொல்லிப் பேச வேண்டுமானால் அதற்கு ஒருவர் கேட்க வேண்டும், மற்றவர் சம்மதிக்க வேண்டும். பெண்தான் முதலில் கேட்பது முறை. லுட்சினாதான் கேட்டார்.

“எத்தன நாளைக்கு பான், பானி? நான் லுட்சினா.”

“நான் செவெரின்.”

கையைக் கோத்துக்கொண்டு ஆளுக்கு ஒரு சின்ன கிளாஸ் குடித்தார்களாம். அதைச் சொல்லும்போது அவர் ஒரு நோயாளியின் துண்டை மூன்று முறை மடித்துப் பிரித்தார்.

எட்டாம் ஞாயிறுக்கு முந்தைய வெள்ளிக்கிழமை செவெரின் என்னைத் தேடி நிலையத்துக்கு வந்தார். நடைவழியில் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார்.

“நீங்க அந்தத் தொடர் பாத்துட்டீங்களாமே, பானி ஜனெட்டா. நான் முன்னாடியே ஒருவாட்டி பாத்து வச்சிக்கலாம்னு நேத்து போட்டேன். தடங்கல் இல்லாம வாசிக்கணுமே. பாதியில நிறுத்திட்டேன். அந்தப் பொண்ணு...”

“ஆமா.”

“இத நான் எப்படி அவ கிட்ட வாசிப்பேன்?”

“எழுதியிருக்கறத வாசிங்க.”

“பாவம் அவ. கண்ணு இல்ல. மக வேற அயர்லாந்துல. ஞாயித்துக்கிழமை அதுவுமா அழ வச்சிட்டு நான் பாட்டுக்குக் கிளம்பி வரவா?”

“அவங்க ஆறு வருஷமா காத்திருக்கறது அதுக்குத்தான், பான் செவெரின்,” என்றேன். எனக்கு அடுத்த முழங்கால் காத்திருந்தது. கதவைச் சாத்திக்கொண்டேன். இன்னும் இரண்டு நிமிடம் பேசியிருக்க வேண்டும்.

ஞாயிறு மூன்று மணி. கடைசிப் பகுதியின் கடைசி இருபது நிமிடத்தில் ராக்னில்டின் சமையலறைக்கு ஒரு போலீஸ்காரி வருகிறாள். நாற்காலி இழுபடுகிறது. போலீஸ்காரி பேசுகிறாள். செவெரின் வாசித்தார்: “உங்கள் மகள் உயிரோடு இருக்கிறாள். பெர்கனில் ஒரு ரொட்டிக் கடையில் வேலை செய்கிறாள்.”

வாரத்துக்கொரு பிணம் ஒதுங்கும் ஊரின் கதையை ஆறு வருடம் கேட்டவருக்கு, நார்வேக்காரர்கள் இறந்துபோனவரை எந்தச் சொல்லால் சொல்வார்கள் என்று தெரியாதா? லெக்டரின் அரை நொடி இடைவெளியில் அந்தச் சொல்லை நூறு முறை கேட்டிருக்கிறார். அன்றும் கேட்டார், தெளிவாக, போலீஸ்காரியின் வாயிலிருந்து. அதற்குப் பிறகு ராக்னில்ட் அழவில்லை. மூச்சு மட்டும் உள்ளே போய்த் திரும்பி வர நேரமானது. செவெரின் வாசித்துக்கொண்டே போனார். “நன்றி, நன்றி, நான் அவளைப் பார்க்கப் போகிறேன்.”

லுட்சினா குறுக்கிடவில்லை. கடைசி இசை முடியும்வரை இருந்தார். பிறகு சொன்னார்:

“அந்தச் சமையலறைக் கட்டத்த திருப்பிப் போடு.”

“எதுக்கு? நல்லபடியா முடிஞ்சுதே.”

“போடேன். நல்லா இருந்துச்சு. இன்னொருவாட்டி கேக்குறேன்.”

போட்டார். இந்த முறை வாசித்தார்: “உங்கள் மகள் நலமாக இருக்கிறாள். பெர்கனில் ஓர் ஓட்டலில் இருக்கிறாள்.”

“முன்னாடி ரொட்டிக் கடைன்னு வாசிச்சே.”

செவெரின் டேப்லெட்டை மூடப் போனார்.

“எழுத்து மாறாது, செவெரின். மாத்துறது நீ.”

“லுட்சினா, நான் உனக்காகத்தான்...”

“எனக்காகவா? எனக்காக அந்தப் புள்ளய உயிரோட வச்சியா? உன் கண்ணுல நான் யாரு? ராத்திரி கெட்ட கனவு வருமேன்னு கதைய மாத்திச் சொல்ற மூணு வயசுக் கொழந்தையா?”

“கஷ்டப்படுவியேன்னு...”

“நான் கஷ்டப்படுவேனா இல்லையான்னு நான் பாத்துக்கறேன். சின்ன வயசுல இருந்து எல்லாரும் எனக்கு நல்ல சேதியா பொறுக்கிப் பொறுக்கிக் கொடுத்தாங்க. எங்கப்பா செத்தத நாலு நாள் கழிச்சுச் சொன்னாங்க. அடக்கம் முடிஞ்சு.” அவர் எழுந்து கதவைத் திறந்து பிடித்துக்கொண்டார். “நீங்க கிளம்பலாம், பான் செவெரின்.”

திங்கட்கிழமை இதை என்னிடம் சொன்னபோது அவர் குரல் சமமாக இருந்தது. லெக்டரைப்போல. மூன்று வாரம் முன்பு குடித்த மதுவையும், அன்றிலிருந்து சொன்ன ‘நீ’யையும் திருப்பி வாங்கிக்கொண்ட குரல் அது. எங்கள் நாட்டில் அப்படித் திரும்பிப் போவதைவிடப் பெரிய அவமானம் கிடையாது. விவாகரத்து ஆனவர்கள்கூடச் செய்வதில்லை.

“நீ வாய் திறக்காத,” என்றார். “முடிவ நானேதான் கேப்பேன். யார் வாயால கேக்கறதுன்னுதான் தெரியல.”

அந்த வாரம் நான் தேடினேன். வ்ரோட்ஸ்வாவ் நகரத்து நிரலாளர் ஒருவர் செய்த செயலி கிடைத்தது. திரையின் அடியில் வரும் எழுத்தைப் பிடித்து, செயற்கைக் குரலில் வாசிக்கும். மூன்று மாதம் முன்பே வெளியாகியிருந்தது. அதே எந்திர உலகம்தான் அவரை வெளியே தள்ளியது, அதே உலகத்தின் ஒரு மூலையில் யாரோ கதவைத் திறந்தும் வைத்திருந்தார். எங்கள் இருவருக்கும் அது தெரியாமல் போனதற்கு யாரைக் குற்றம் சொல்வது? நான் தேடியது ஒரே ஒரு மாலை. தேடியிருக்க வேண்டிய மாலைகள் எட்டு வாரத்துக்கு முன்பே இருந்தன.

டேப்லெட்டில் ஏற்றிக் கொடுத்தேன். “ஞாயித்துக்கிழமை நான் வந்து கூட உக்காரட்டுமா?” என்று கேட்டேன். மனதாரத்தான் கேட்டேன்.

“வேணாம். நீ படத்தப் பாக்க மாட்ட. என் மூஞ்சியப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்ப.”

தனியாகக் கேட்டார். எட்டாம் பகுதி முழுவதும், முதலிலிருந்து. அடுத்த நாள் காலை நோயாளி வருவதற்கு முன் என் அறைக்கு வந்து, கதவுச் சட்டத்தில் சாய்ந்து நின்றார்.

“ஒரு பொம்பளக் குரல் வாசிக்குது, ஜனெட்டா. எல்லாத்தையும் வாசிக்குது. அடைப்புக்குள்ள இருக்கறதையும் விடல. ‘சோக இசை’ங்குது. எனக்குக் காது கேக்கும்னு அதுக்குத் தெரியாது. ராக்னில்ட் பேர ஆறு விதமா சொல்லுது.”

“முடிவு?”

“வாசிச்சுது. ‘உங்கள் மகள் இறந்துவிட்டாள்.’ ஒரு தயக்கம் இல்ல, ஒரு கனைப்பு இல்ல. அப்புறம் அந்தப் போலீஸ்காரி சொல்றா, ‘அவள் வேதனைப்படவில்லை.’ அதுக்கு ராக்னில்ட் திருப்பிக் கேக்கறாளே ஒரு கேள்வி! எனக்கு எழுந்து நிக்கணும் போல இருந்துச்சு. நீ அந்த எடத்துல என்ன பண்ணின?”

நான் அவர் முகத்தைப் பார்த்தேன். ராக்னில்ட் என்ன கேட்டாள்? எனக்கு நினைவில்லை. சமையலறை நினைவிருந்தது, போலீஸ்காரியின் ஈரக் கோட்டு நினைவிருந்தது. அன்று அந்தப் பகுதி முடியுமுன்பே அடுத்தது என்ன பார்க்கலாம் என்று திரையின் மூலையில் ஐந்து, நான்கு, மூன்று என்று எண் ஓடியது. வேறு ஏதோ போலீஸ் தொடர் தானாக ஆரம்பித்தது. பார்த்தேன்.

“மறந்துட்டேன், பானி லுட்சினா.”

“ஆறு வருஷக் கதைய?”

“நாலு மாசம் ஆச்சு. நடுவுல நெறய பாத்துட்டேன்.”

அவர் தலையை ஆட்டினார். கோபமில்லை. கதவுச் சட்டத்தில் விரலால் இரண்டு முறை தட்டிவிட்டுத் தன் அறைக்குப் போனார். அன்றைக்கு மூன்றாம் எண் அறையிலிருந்து பேச்சே கேட்கவில்லை. அந்தக் கேள்வியைப் பற்றிப் பேச அவருக்கு ஒருவர் தேவைப்பட்டார். லுப்லினில் மூன்றரை லட்சம் பேர் இருக்கிறோம். எத்தனையோ பேர் அதைப் பார்த்திருப்பார்கள், அவரவர் திரையில், அவரவர் நேரத்தில், என்னைப்போல விழுங்கிவிட்டுக் கடந்திருப்பார்கள். அவர்களை எங்கே போய்த் தேடுவது?

முடிவை அறிந்த, முகவரியும் தெரிந்த ஆள் ஒருவர்தான் இருந்தார். புதன்கிழமை மாலை வேலை முடிந்ததும் லுட்சினா அடுத்த மாடிப்படியில் மூன்று தளம் ஏறி மணியடித்தார். நடந்ததை மறுநாள் தேநீர் இடைவேளையில் என்னிடம் சொன்னார். நான் கேட்கவில்லை, அவராகவே சொன்னார்.

செவெரின் கதவைத் திறந்ததும், “மன்னிச்சிரு,” என்றாராம்.

“மன்னிச்சிருங்கன்னு சொல்லுங்க, பான் செவெரின். நான் அதுக்கு வரல. முடிவக் கேட்டுட்டேன். ராக்னில்ட் அந்தப் போலீஸ்காரி கிட்ட கேட்ட கேள்விய நீங்க உங்க கண்ணால படிச்சீங்கல்ல. அப்ப உங்களுக்கு எப்படி இருந்துச்சு? அத மட்டும் சொல்லுங்க, போயிடறேன்.”

 செவெரின் சொன்னாராம்: “நான் படிக்கல. ரெண்டு வாட்டியும் படிக்கல. அடுத்து என்ன சொல்லி ஒப்பேத்தலாம்னு யோசிச்சிக்கிட்டு இருந்தேன். திரைய நான் பாக்கவே இல்ல.”

“அப்ப தனியா போட்டுப் பாத்தப்போ?” அவர் முன்கூட்டியே போட்டுப் பார்த்ததை நான்தான் லுட்சினாவிடம் சொல்லியிருந்தேன்.

“அதுக்கு முன்னாடியே நிறுத்திட்டேனே. அந்தப் பொண்ணுன்னு தெரிஞ்சதும் நிறுத்திட்டேன். என் பொண்டாட்டி செத்தப்பவும் வீட்டுக்கு இப்படித்தான் ஒரு ஆள் வந்து சொன்னாங்க. என்னால அதுக்கு மேல முடியல.”

லுட்சினாவுக்கு அது தெரியாது. எட்டு ஞாயிறு ஒரே மேசையில் உட்கார்ந்தும் அவர் சொல்லியிருக்கவில்லை.

“அப்ப உங்களுக்கும் முடிவு தெரியாது,” என்றார் லுட்சினா.

“தெரியாது.”

அந்தப் படியில் நின்றபடியே லுட்சினா அவருக்குச் சொன்னார். எந்திரக் குரல் வாசித்ததை வரி விடாமல், ஏற்ற இறக்கமில்லாமல். உங்கள் மகள் இறந்துவிட்டாள். எப்போது? இரண்டு வருடத்துக்கு முன்பு, வசந்தத்தில். அவள் வேதனைப்படவில்லை. நீங்கள் அங்கே இருந்தீர்களா? இதுதான் ராக்னில்டின் கேள்வி. துறையில் ஆட்கள் காத்திருக்கிறார்கள், மூன்று மணிப் படகை எடுக்க வேண்டும். ராக்னில்ட் கோட்டை மாட்டிக்கொண்டு போகிறாள். எஞ்சின் சத்தம்.

“அப்புறம்?” என்றேன்.

“அப்புறம் என்ன, அழுதாரு. அழுது முடிக்கற வரைக்கும் நின்னேன்.”

“ஒண்ணும் சொல்லலையா?”

“என்ன சொல்ல? அவர் கஷ்டப்படறது அவரோடது. நான் ஏன் நடுவுல பூரணும்?” தேநீரில் சர்க்கரையைக் கலக்கிக்கொண்டே இருந்தார். அது எப்போதோ கரைந்துவிட்டது. “உள்ள வாங்கன்னு கூப்பிட்டாரு. ‘வாங்க’ன்னுதான் கூப்பிட்டாரு. நேரமாச்சுன்னு வந்துட்டேன். கைப்பிடி கிடையாது அந்தப் படியில. சுவத்தத் தடவிக்கிட்டே இறங்கினேன். மூணு மாடியும் இறங்கற வரைக்கும் அவர் கதவு சாத்தற சத்தம் கேக்கல.”

அடுத்த ஞாயிறு செவெரின் வரவில்லை, லுட்சினாவும் கூப்பிடவில்லை. மூன்று மணிக்கு எந்திரக் குரலில் ஒரு போர்ச்சுகீசியத் தொடரின் முதல் பகுதியைக் கேட்டதாகச் சொன்னார். எப்படி இருந்தது என்று கேட்டேன். பரவாயில்லை என்றார்.